கிணற்றடியில் வீமன்



இலக்கியத் தொடரில் நாயைக் குளிப்பாட்டும் கதையா என்று உங்களில் சிலர் இந்நேரம் வானொலிப் பெட்டியின் திருகியைத் தேடியிருப்பீர்கள். கொஞ்சம் பொறுங்கள். நாய்க்கு நமது இலக்கியத்தில் இடம் இல்லாமல் இல்லை. சங்க நூல்களில் ஞமலி என்ற அழகான பெயரோடு அது வேட்டுவர் பின்னால் ஓடுகிறது. நாலடியாரில், நட்பாராயும் பகுதியில், யானையையும் நாயையும் அருகருகே நிறுத்தி, நெடுநாள் பழகிய பாகனையே கொன்றுவிடும் யானையை விட, எறிந்த வேல் உடம்பில் நிற்கும்போதும் வாலைக் குழைக்கும் நாயின் உறவே மேல் என்று ஒரு வெண்பா தீர்ப்புச் சொல்கிறது. மாணிக்கவாசகர் தம்மை நாயேன் என்று சொல்லிக்கொள்ளும்போது அந்தச் சொல்லில் இழிவு மட்டுமா இருக்கிறது? உரிமையும் இருக்கிறது. வைரவருக்கு நாய் வாகனம். பாரதத்தின் முடிவில் தம்பியரும் பாஞ்சாலியும் வழியில் வீழ்ந்த பிறகு தருமரோடு கடைசிவரை நடந்தது ஒரு நாய். அதை விட்டுவிட்டு வந்தால்தான் சுவர்க்கம் என்றபோது அந்தச் சுவர்க்கமே வேண்டாம் என்று நின்றார் அவர்.

இன்னொரு கதையும் உங்களுக்குத் தெரியும். திருவிடைமருதூர்க் கோயிலின் ஒரு வாசலில் பட்டினத்தார். மறு வாசலில் அவருடைய சீடர் பத்திரகிரியார். பத்திரகிரியாரிடம் ஒரு பிச்சையோடும், மிச்சத்தை உண்ண ஒரு நாயும் இருந்தன. அவர்தான் குடும்பி, அவரிடம் போய்க் கேள் என்று பட்டினத்தார் ஒரு பிச்சைக்காரரை அனுப்ப, ஓடும் நாயும் அல்லவா நம்மைக் குடும்பியாக்கிவிட்டன என்று பத்திரகிரியார் ஓட்டைத் தூக்கி எறிந்தார். அது நாயின் தலையில் பட்டு, ஓடும் உடைந்தது, நாயும் செத்தது. துறவு பூரணமாயிற்று என்பார்கள். சிறு வயதில் இந்தக் கதையைக் கேட்ட நாள் முதல் எனக்கு அந்த நாயின் மேல்தான் கவலை.

இத்தனை நூல்களிலும் நாய் ஓடுகிறது, குழைகிறது, காக்கிறது, உவமையாகிறது. ஆனால் ஒருவர் கூட அதன் காதை மடக்கி உள்ளே பார்த்ததாக நான் வாசித்ததில்லை. நாயின் உடம்பில் என்ன ஊர்கிறது என்று எழுதத் துணிந்தவர், எனக்குத் தெரிந்தவரை, கிரேக்கத்துப் பழங்கவி ஹோமர்தான். ஒடிசி காவியத்தின் பதினேழாம் படலத்தில் ஒடிசியசு இருபது ஆண்டுகள் கழித்துப் பிச்சைக்கார வேடத்தில் தன் அரண்மனைக்குத் திரும்புகிறான். மனைவிக்கு அடையாளம் தெரியவில்லை, வேலையாளுக்குத் தெரியவில்லை. வாசலில், மாட்டெருக் குவியலின் மேல், ஆர்கோசு என்ற அவனுடைய பழைய நாய் உடம்பெல்லாம் உண்ணி மொய்த்துக் கிடக்கிறது. எசமானின் குரலைக் கேட்டுக் காதைத் தாழ்த்தி வாலை அசைக்கிறது. எழுந்து வர வலுவில்லை. ஒடிசியசு யாருக்கும் தெரியாமல் கண்ணைத் துடைத்துக்கொண்டு உள்ளே போகிறான். நாய் அவ்விடத்திலேயே உயிரை விடுகிறது. எசமான் இல்லாத வீட்டில் நாயைக் கவனிக்க வேலைக்காரருக்கு மனம் வராது என்று அங்கே ஒரு பாத்திரம் சொல்கிறது. அந்த வீடு இருபது ஆண்டுகளாக எப்படி நடந்தது என்பதை உண்ணி மூடிய ஒரு நாயை வைத்துச் சொல்லிவிட்டான் புலவன்.

இனி நமது திருகோணமலைக்கு வருவோம்.

நமது நாய்களை நீங்கள் பார்த்திருக்கிறீர்கள். திருக்கடலூரில் வலை காயும் மணலிலும், உட்துறைமுக வீதியின் ஓரத்திலும், கோட்டை வாசலில் புள்ளிமான்கள் படுத்திருக்கும் அதே நிழலிலும் அவை படுத்திருக்கின்றன. வெளியூரிலிருந்து வருபவர்கள் மானைப் படம் எடுப்பார்கள். பக்கத்தில் கிடக்கும் நாயைச் சட்டத்துக்கு வெளியே தள்ளிவிடுவார்கள். ஒரு காது நிமிர்ந்தும் மறு காது மடிந்தும், செம்மண் நிறமோ கறுப்போ வெள்ளைத் திட்டோ கலந்து, குறுமயிரும் ஒட்டிய வயிறும் சுருண்ட வாலும் கொண்ட கலப்பு நாய். இந்தத் துறைமுகத்துக்குள் 1624இல் போர்த்துக்கேயர் கோட்டை கட்டினார்கள். 1639இல் ஒல்லாந்தர் பிடித்தார்கள். 1782இல் பிரெஞ்சுக்காரர் சிறிது காலம் இருந்தார்கள். 1795இல் ஆங்கிலேயர் வந்து, அவர்களுடைய கடற்படை 1957இல்தான் தளத்தைக் கையளித்துவிட்டுப் போனது. இத்தனை கப்பல்களும் மனிதரை மட்டுமா இறக்கியிருக்கும் என்று சில நாய்களின் முகத்தைப் பார்க்கையில் நான் நினைப்பதுண்டு. இது சரித்திரம் அல்ல, என் ஊகம்.

இந்த ஊர்நாயை ஆங்கிலேயர் அழைத்த பெயர் தமிழிலிருந்து அவர்கள் எடுத்துக்கொண்டது. நமது சமூகத்தில் ஒரு சாராரைத் தாழ்த்தி வைத்த பெயரையே எடுத்து நாய்க்கு வைத்தார்கள். அந்த மனிதருக்கும் அது அவமதிப்பு, நாய்க்கும் அவமதிப்பு. நான் அந்தப் பெயரைச் சொல்வதில்லை. ஊர்நாய், கலப்பு நாய் என்பவை போதும்.

எங்கள் ஒழுங்கையில் ஒரு பெரியவர் இருக்கிறார். துறைமுகத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். மாமா என்றுதான் ஒழுங்கை முழுதும் அழைக்கிறது. அவரிடம் வீமன் என்று ஒரு கலப்பு நாய். பெயருக்குரிய பருமன் அதற்கில்லை. முன்பொரு காலத்தில் தன் நாய்க்கு ரைகர் என்று பெயர் வைத்திருந்ததாகவும், சோதனைச் சாவடிக்குப் பக்கத்தில் அதைக் கூவி அழைக்க வாய் வராமல் பிறகு வீமன் என்று மாற்றியதாகவும் சிரிக்காமல் சொல்வார். அந்தப் பெயர் வீட்டில் நிலைத்து, அடுத்தடுத்த நாய்களுக்கும் வந்துவிட்டது.

ஞாயிற்றுக்கிழமை காலையில் மாமாவின் கிணற்றடிக்குப் போனால் ஒரு சடங்கைப் பார்க்கலாம். சீமெந்துத் தரையில் வீமன் நிற்கும். பக்கத்தில் ஒரு வாளி தண்ணீர், காய்ந்த பீர்க்கங்கூடு ஒன்று, பேன்சீப்பு, சாவணம், பழைய வெள்ளை வேட்டித் துண்டு, சிரட்டையில் சவர்க்காரத் தண்ணீர். ஒருநாள் நான் கேட்டேன்: "மாமா, இதுக்கு மயிரே கட்டை. சடைநாய்க்குச் சீப்புப் போட்டால் நியாயம். உதுக்கு என்னத்துக்கு இவ்வளவு பாடு?"

"தம்பி, சடைநாய்க்கு இழுத்தால் சிக்கு வரும். இதுக்கு இழுத்தால் சங்கதி வரும்" என்றார்.

அந்தச் சங்கதியைத்தான் நான் உங்களுக்குச் சொல்ல வந்தேன்.

கட்டை மயிர் நாய்க்கு ஒன்றும் செய்யத் தேவையில்லை என்பது நம்மிடையே வேரூன்றிய எண்ணம். முடி வெட்டத் தேவையில்லை என்பது சரிதான். வெட்டவும் கூடாது; வெயிலிலிருந்து தோலைக் காப்பது அந்த மயிர்தான். ஆனால் கட்டை மயிரும் உதிர்கிறது. நீள மயிர் உருண்டு மூலையில் சேரும். கட்டை மயிர் ஊசி போலத் துணியில் குத்தி நிற்கும். அதை எடுக்க இரும்புப் பல் வைத்த தூரிகை வேண்டாம், தோலைக் கீறிவிடும். கடையில் இறப்பர்த் தூரிகை விற்கிறார்கள். மாமாவின் பீர்க்கங்கூடு அதே வேலையைச் செய்கிறது. முதலில் வட்டவட்டமாகத் தேய்த்து உதிர்ந்ததைக் கிளப்புகிறார். பிறகு மயிர் படியும் திசையில், கழுத்திலிருந்து வாலை நோக்கி இழுக்கிறார். கடைசியில் ஈரத்துணியால் ஒரு துடைப்பு. பத்து நிமிடம் கூட ஆகாது. நாய் கண்ணை மூடிக்கொண்டு நிற்கிறது.

அடுத்தது பேன்சீப்பு. இடுப்புக்கு மேல், வாலடியில், வயிற்றுப் பக்கத்தில் இழுக்கிறார். சீப்பில் வரும் கறுப்புத் துகளை நனைத்த வெள்ளைத் துணியில் தட்டுகிறார். மண்ணாக இருந்தால் மண்ணாகவே கிடக்கும். சிவந்து கரைந்தால் அது தெள்ளின் எச்சம், செரித்த இரத்தம். நாயில் ஒரு தெள்ளும் கண்ணில் படாவிட்டாலும் அந்தச் சிவப்புக் காட்டிக்கொடுத்துவிடும். இதை அவருக்கு ஒரு மிருக வைத்தியர் சொல்லிக்கொடுத்தாராம். காசு செலவில்லாத பரிசோதனை.

பிறகுதான் உண்ணி. இதில் நான் கொஞ்சம் நின்று பேச வேண்டியிருக்கிறது.

உண்பதால் உண்ணி. இரத்தம் குடித்துப் பருத்த பெண் உண்ணி சாம்பல் நிறத்தில் ஆமணக்கு விதை போல இருக்கும். இலத்தீன் மொழியில் உண்ணிக்கும் ஆமணக்குக்கும் ஒரே பெயர் என்பது வேடிக்கையான ஒற்றுமை; விதையைப் பார்த்து அவர்களுக்கும் உண்ணிதான் நினைவுக்கு வந்திருக்கிறது. நாமோ வேலியோரப் பற்றைக்கு நாயுண்ணி என்று பெயர் வைத்தோம். நம் வீட்டு நாய்களைப் பிடிப்பது பெரும்பாலும் பழுப்பு நாயுண்ணி. மற்ற உண்ணிகள் காட்டிலும் புல்லிலும் தங்கும். இது மட்டும் வீட்டுக்குள் குடியிருக்கப் பழகியது. வயிறு நிறைந்த தாய் உண்ணி நாயிலிருந்து கழன்று விழுந்து, சுவர் வெடிப்பையோ கட்டிலின் பொருத்தையோ கூட்டின் பலகை இடுக்கையோ தேடிப் போய்ச் சில ஆயிரம் முட்டைகளை, 4000 கூட ஆகலாம், இட்டுவிட்டுச் செத்துப்போகும். பொரித்து வரும் குஞ்சுக்கு ஆறு கால். இரத்தம் குடித்துத் தோலுரித்த பின் எட்டுக் கால். ஒவ்வொரு பருவத்துக்கும் நாயில் ஏறிக் குடித்து, இறங்கித் தோலுரித்து, மறுபடி ஏறுகிறது. ஏறுவது அதன் சுபாவம். சுவரில் வளைக்கு அருகே உண்ணி ஊர்வதைக் கண்டு நீங்கள் திடுக்கிட்டிருந்தால் காரணம் அதுதான். இரத்தமே இல்லாமல் பல மாதம் காத்திருக்கவும் அதனால் முடியும். கச்சான் காற்று வீசும் வெக்கைக் காலத்தில் இந்தச் சுற்று விரைந்து முடியும்.

ஆகவே நாயில் பத்து உண்ணி என்றால் வீட்டில் அதைப்போலப் பல மடங்கு இருக்கிறது என்று வைத்துக்கொள்ள வேண்டும். நாயை மட்டும் கழுவிவிட்டு, அது படுக்கும் சாக்கை உதறாமல், சுவர் வெடிப்பைப் பூசாமல் விட்டால், போன உண்ணி மறுபடி வரும்.

மாமா உண்ணி எடுப்பதைப் பார்க்க வேண்டும். காது மடலின் உட்புறம், கழுத்துப் பட்டியின் கீழ், கமக்கட்டு, கால்விரல் இடுக்கு, வாலடி. இந்த ஒழுங்கு மாறாது. சாவணத்தைத் தோலோடு ஒட்டி வைத்து, உண்ணியின் தலைப்பக்கத்தைப் பிடித்து, முறுக்காமல் நேரே மெல்ல இழுக்கிறார். வந்ததைச் சிரட்டைத் தண்ணீரில் போடுகிறார். நகத்தால் நசுக்குவதில்லை, நெருப்புக்குச்சி வைப்பதில்லை, மண்ணெண்ணெய் தொடுவதில்லை. மண்ணெண்ணெய் தோலை எரிக்கும். நாய் நக்கினால் வயிற்றுக்கும் நுரையீரலுக்கும் கேடு. எடுத்த இடத்தைச் சவர்க்காரம் போட்டுக் கழுவித் தன் கையையும் கழுவிக்கொள்கிறார்.

உண்ணி குடிக்கும் இரத்தம் பெரிய கணக்கல்ல. அது விட்டுப் போகும் கிருமிதான் கணக்கு. ஏர்லிக்கியா, பபேசியா என்று இரண்டு நோய்களை நமது நாட்டு மிருக வைத்தியர்கள் அடிக்கடி காண்கிறார்கள். நாய் சாப்பாட்டை வெறுக்கும், காய்ச்சல் காயும், முரசு வெளுக்கும், சிலவேளை மூக்கால் இரத்தம் வரும். அவசரத்தில் "நாய்க்கு ஆரோ நஞ்சு வைச்சிட்டாங்கள்" என்று அயலவரோடு சண்டைக்குப் போன வீடுகளும் உண்டு. இரத்தத்தைப் பரிசோதித்தால் தெரிந்துவிடும். வேளைக்குப் பார்த்தால் மருந்தும் உண்டு. முரசின் நிறத்தை எப்படித் தெரிந்துகொள்வது? சுகமான நாளில் உதட்டைத் தூக்கிப் பார்த்து நிறம் அறிந்தவருக்குத்தான் வெளுத்த நாளில் வித்தியாசம் தெரியும்.

ஒன்றைச் சொல்லாமல் விட்டால் பிழை. உண்ணி கடித்த சில மணி நேரத்திலேயே ஏர்லிக்கியாவைக் கடத்தக்கூடும் என்று ஆய்வாளர்கள் கண்டிருக்கிறார்கள். ஞாயிறு தோறும் தடவி எடுப்பதால் மட்டும் நாயைக் காத்துவிட முடியாது. மாதத்துக்கு ஒன்றாகவோ மூன்று மாதத்துக்கு ஒன்றாகவோ கொடுக்கும் மாத்திரைகள் இப்போது வந்திருக்கின்றன. நாயின் நிறையைப் பார்த்து, வலிப்பு உள்ள நாயா என்று கேட்டு, மிருக வைத்தியர் சொல்லிக் கொடுக்க வேண்டியவை அவை. விலைதான் தொண்டையில் நிற்கிறது. 2022ஆம் ஆண்டு நெருக்கடிக்குப் பிறகு மனிதர் மருந்தையே கணக்குப் பார்த்து வாங்கிய வீடுகளில் நாய்க்கு மாத்திரை என்பது இலேசான காரியமல்ல. அப்படிப்பட்ட வீட்டுக்குத்தான் சாவணமும் சிரட்டையும் இன்னும் அதிகமாகத் தேவை.

வேப்பிலை அவித்த தண்ணீர் பற்றிக் கேட்பீர்கள். ஆறிய பிறகு ஊற்றினால் கேடில்லை. ஆனால் அது உண்ணியை ஒழிக்கும் என்று நம்பி மருந்தைத் தள்ளிப்போட வேண்டாம். வேப்பெண்ணெயைக் கலக்காமல் பூசினால் சில நாய்களுக்குத் தோல் கன்றும்.

இதைவிடக் கொடுமை ஒன்று துறைமுகப் பக்கங்களில் உண்டு. சொறி பிடித்த நாய்க்குப் படகு இயந்திரத்தின் கழிவு எண்ணெயை அள்ளிப் பூசுவது. பழைய கைமருந்து, புண்ணியம் என்று நினைத்துச் செய்கிறார்கள். அந்தக் கறுப்பு எண்ணெயில் தேய்ந்த உலோகமும் எரிந்த கழிவும் இருக்கின்றன. வெடித்த தோல் அதை உறிஞ்சும். மிச்சத்தை நாய் நக்கிக் குடிக்கும். சொறி என்பது கண்ணுக்குத் தெரியாத சிற்றுண்ணி வகை. தோலைச் சுரண்டிப் பார்த்து எந்த வகை என்று அறிந்தால் அதற்குரிய மருந்தால் மாறும். அவற்றில் ஒரு வகை தடவுகிறவர் கையிலும் சில நாள் கடி உண்டாக்கும். கழிவு எண்ணெய் பூசிய நாயை நீங்கள் கண்டால் பூசியவரைத் திட்டாதீர்கள். அவர் மற்றவர்களைப் போல விலகிப் போகாமல் அந்த நாய்க்குப் பக்கத்தில் போனவர். அவரிடம் மிருக வைத்தியரின் இடத்தைச் சொல்லுங்கள்.

இனிக் குளிப்பு. கட்டை மயிர் நாயை வாரா வாரம் சவர்க்காரம் போட்டுக் குளிப்பாட்டத் தேவையில்லை. மூன்று நாலு கிழமைக்கு ஒருமுறை போதும். அடிக்கடி கழுவினால் தோலின் எண்ணெய்ப் பசை போய்விடும். மனிதத் தோல் சற்று அமிலத் தன்மை உள்ளது. நாயின் தோல் நடுநிலைக்கு அண்மையானது. நமக்குச் செய்த ஷாம்பூ அதற்குப் பொருந்தாது. உடுப்புத் தோய்க்கும் சவர்க்காரம் அதைவிட மோசம். நாய்க்கென்று விற்பதைக் கொஞ்சமாக எடுத்துத் தண்ணீரில் கரைத்து ஊற்றினால் ஒரு போத்தல் நெடுநாள் வரும். கன்னியா வெந்நீர் வேண்டாம். காலை வெயிலில் வைத்த வாளித் தண்ணீர் போதும். முதலில் கழுத்தைச் சுற்றி நுரை கட்டிவிட்டால் தெள்ளு முகத்துக்கு ஏறாது. நுரை ஐந்து பத்து நிமிடம் நிற்க வேண்டும். பிறகு தண்ணீர் தெளிவாக ஓடும்வரை அலச வேண்டும். தங்கிப்போகும் சவர்க்காரமே பிறகு சொறிய வைக்கும். நமது ஊர் நாய்க்குக் கடல் பக்கத்தில் இருக்கிறது. கடலில் இறங்கி வந்த நாயை அப்படியே விட்டால் உப்புக் காய்ந்து தோல் கடிக்கும். நல்ல தண்ணீர் இரண்டு வாளி ஊற்றினால் போதும், சவர்க்காரம் வேண்டாம். கழுத்தில் சொட்டு மருந்து விட்டிருந்தால் முன்னும் பின்னும் இரண்டு நாள் குளிப்பு இல்லை. துவாயால் ஒற்றித் துடைத்துக் காதையும் உலர்த்திவிடுங்கள்.

காதுக்குள் குச்சி விடக்கூடாது. கண்ணுக்குத் தெரியும் இடத்தைப் பஞ்சால் துடைத்தால் போதும். புளித்த மணம் வந்தால் வைத்தியரிடம். நகத்தில் ஒரு சிறு விசயம்: தார் வீதியில் ஓடும் நாய்க்குத் தானாகத் தேயும்; வளவுக்குள் நிற்பதற்குத் தேயாது. கணுக்கால் பக்கத்தில் தரையில் படாத ஒரு நகம் இருக்கிறது. அது வளைந்து சதைக்குள் இறங்கிவிடும். கறுப்பு நகத்தில் உள்ளே ஓடும் இரத்தக் குழாய் தெரியாது. ஆகையால் நுனியை மட்டும் கொஞ்சம் கொஞ்சமாக வெட்ட வேண்டும். இரத்தம் வந்தால் கோதுமை மாவை வைத்து அழுத்திப் பிடியுங்கள்.

மாரி தொடங்கினால் மாமா ஞாயிறு வரை காத்திருப்பதில்லை, தினமும் தடவுகிறார். சிறு காயத்திலும் ஈ முட்டையிட்டுப் புழு வைக்கும் காலம் அது. உயிருள்ள சதையையே தின்னும் புழு வகை நமது நாட்டில் உண்டு. மேலே மயிர் மூடி, உள்ளே குகை விழுந்துவிடும். ஒரு நாள் பிந்தினாலும் பெரிய வித்தியாசம். கட்டை மயிர் நாயின் பாக்கியம், விரல் நுனிக்கு எல்லாம் எட்டும். தோலின் கீழ் சிறு கட்டிகள் தட்டுப்பட்டாலும் காட்டுவது நல்லது. நுளம்பு பரப்பும் ஒருவகை நூல்புழு நாயின் தோலடியில் வாழ்கிறது. நமது நாட்டில் மனிதரிடமும், சிறு பிள்ளைகளின் கண்ணிமையிலும் கூட, அதை எடுத்திருக்கிறார்கள்.

இவ்வளவு கவனத்துக்கும் மாமா காரணம் ஒன்றும் சொல்லியதில்லை. ஒருமுறை மட்டும் கதைத்தார். 1990ஆம் ஆண்டு யூன் மாதத்துக்குப் பிறகு திருகோணமலைச் சனம் எப்படிச் சிதறியது என்று உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. காட்டுக்குள் போனவர்கள், முகாமுக்குப் போனவர்கள், கடலைத் தாண்டி மண்டபம் முகாமுக்குப் போனவர்கள். மாமாவின் குடும்பமும் போனது. கதவைப் பூட்டி, நாயின் கழுத்துப் பட்டியைக் கழற்றி விட்டுவிட்டுப் போனார்கள்.

"திரும்பி வரேக்கை வீடு பாதி இருந்தது. நாய் இல்லை. கிணற்றடியிலை கொஞ்சநாள் கிடந்ததாம் எண்டு பின்னாலை இருந்த ஆக்கள் சொன்னவை. கிட்டப் போகேலாதாம், அவ்வளவு உண்ணியாம்."

அவர் ஹோமரை வாசித்தவரில்லை. நானும் அந்த இடத்தில் ஹோமரைச் சொல்லவில்லை. ஆர்கோசுக்காவது எசமானின் குரல் ஒருமுறை கேட்டது. 1990இலும், மூதூர்ப் பக்கம் 2006இலும், எத்தனை முற்றங்களில் எத்தனை நாய்கள் அந்தக் குரலுக்காகக் காதைத் தாழ்த்திக் கிடந்தன என்று யாரும் எண்ணி வைக்கவில்லை. மனிதரையே சரியாக எண்ணாத காலம்.

இன்னொன்றும் இருக்கிறது. இது நாயை விரும்பாதவர்களும் கேட்க வேண்டியது. விசர்நாய்க் கடிக்கு இந்த நாட்டில் 1893இலேயே சட்டம் வந்தது. 1970களின் தொடக்கத்தில் ஆண்டொன்றில் 300க்கு மேற்பட்ட மனிதர் அந்த நோயால் இறந்திருக்கிறார்கள். இன்று அந்தத் தொகை சில பத்துகளாகக் குறைந்திருப்பது முக்கியமாக நாய்களுக்குப் போடும் தடுப்பூசியால்தான். 2006இல் தெருநாயைக் கொல்லாமை அரசின் கொள்கையான பிறகு ஊசியும் கருத்தடையுமே வழி. நூற்றில் எழுபது நாய்களுக்கு ஊசி போட்டால் நோய் பரவுவது நிற்கும் என்று உலக சுகாதார நிறுவனம் சொல்கிறது. அந்த எழுபதை எப்படி எட்டுவது? ஊசி போட வருபவர்கள் சந்தியில் நிற்பார்கள். நாயைப் பிடித்துக் கொடுக்க வேண்டியவர் நாம். பிறந்த நாள் முதல் கல்லெறியையும் சோற்றுப் பருக்கையையும் மட்டும் அறிந்த நாயை யாராலும் பிடிக்க முடியாது. சங்கிலியைக் கண்டதும் ஓடும், பிடித்தால் கடிக்கும். காதைத் திருப்பவும் காலைத் தூக்கவும் உதட்டை விரிக்கவும் ஞாயிறு தோறும் பழகிய வீமன் ஊசிக்கு நின்றதை நான் பார்த்தேன். மாமா அதன் கழுத்தைச் சொறிந்துகொண்டிருந்தார். ஊசி போனதே அதற்குத் தெரியவில்லை. அதே சந்தியில் அன்று மூன்று நாய்கள் வேலிக்குள்ளால் ஓடித் தப்பின. மூன்றுக்கும் வீடு உண்டு, சோறு உண்டு. தொட்ட கைதான் இல்லை.

தெரியாத தெருநாயில் இந்தப் பழக்கத்தைத் தொடங்க வேண்டாம். வாயில் நுரையோடு, குரல் மாறி, தள்ளாடும் நாய்க்குக் கிட்டப் போகவே கூடாது. எந்த நாய் கடித்தாலும், குட்டி பிறாண்டினாலும் கூட, ஓடும் தண்ணீரில் சவர்க்காரம் போட்டுப் பதினைந்து நிமிடம் கழுவிவிட்டு உடனே ஆசுபத்திரிக்குப் போங்கள். சுண்ணாம்பும் மிளகாய்த்தூளும் வேண்டாம்.

வீட்டில் புதிதாகக் குட்டி வந்திருந்தால் முதல் மாதம் குளிப்பும் சீப்பும் அவ்வளவு முக்கியமில்லை. நாளுக்கு இரண்டு நிமிடம் மடியில் வைத்துப் பாதத்தைத் தொட்டு விடுங்கள், காதை மடித்து விடுங்கள், வாயைத் திறந்து மூடுங்கள். பிள்ளைகளிடமும் இந்த வேலையைக் கொடுக்கலாம். பெரியவர் ஒருவர் பக்கத்தில் இருந்தால் போதும். நாய் சாப்பிடும்போது மட்டும் தொட வேண்டாம்.

கடைசியாக, பூனையும் வளர்ப்பவர்களுக்கு ஒரு வார்த்தை. நாய்க்கு வாங்கிய உண்ணி மருந்திலும் பொடியிலும் பேர்மெத்ரின் என்ற சரக்கு இருந்தால் அது பூனைக்கு நஞ்சு. நடுக்கம் கண்டு செத்தும் போகும். மருந்து போட்ட நாயோடு அன்று பூனையை ஒன்றாகப் படுக்க விடாதீர்கள். பேணியைத் திறக்குமுன் அதில் ஒட்டியிருக்கும் சிட்டையை வாசியுங்கள். எழுத்துச் சிறிதாக இருந்தால் பிள்ளைகளைக் கொண்டு வாசிப்பியுங்கள்.